பிறந்த வீட்டுத் துப்பட்டா

தெருமுனையில் டிராக்டர் ஹாரன் நீட்டி முழக்கியது.

"வந்துட்டாங்க! மாமன் சீர் வந்துடுச்சு!"

ரசூலி பெரியம்மா மாவுக் கையோடு எழுந்து வாசலுக்கு ஓடினாள். பின்னாலேயே பத்துப் பெண்கள். டோலக்கை மடியில் வைத்துக் காத்திருந்த பாட்டுக்காரி இரண்டு தட்டுத் தட்டி, அண்ணன் வரும் பாட்டை எடுத்துவிட்டாள்.

அர்சினா அம்மாவைக் கூப்பிட உள்ளே திரும்பினாள். கூப்பிட வேண்டியிருக்கவில்லை. ஜுமரத்தி ஏற்கெனவே நிலைப்படியில் நின்றிருந்தாள். செருப்பில்லாத கால். ஒரு கையில் சர்பத் செம்பு. முகத்தில் அப்படி ஒரு வெளிச்சத்தை, அப்பா இறந்த பிறகு அர்சினா பார்த்ததேயில்லை.

டிராக்டர் கருவேல மரத்தடியில் வந்து நின்றது. பின்னால் இழுத்து வந்த டிரெய்லர் காலி.

ஒரே ஒரு ஆள் இறங்கினான். அம்மாவின் ஊரில் வீட்டுக்கு வீடு செய்தி சொல்கிற சுபான். இடுப்பில் அணைத்திருந்த சிவப்புத் துணி மூட்டையை வாசல் கட்டிலில் வைத்தான். உட்காரவில்லை.

பாட்டு பாதியில் நின்றது.

"என்னப்பா நீ மட்டும் வர்றே? மத்தவங்க பின்னால வர்றாங்களா?" என்று கேட்டுக்கொண்டே ரசூலி பெரியம்மா மூட்டையை அவிழ்த்தாள். "அட அல்லா... இது நம்ம வெல்லம்ல?"

வெல்லம்தான். சீர் கொண்டு வா என்று அழைக்க, மூன்று வாரம் முன்பு ஜுமரத்தி தன் தலையில் சுமந்து போய் அண்ணன் பஜ்ருவின் மடியில் வைத்த வெல்லக் கட்டி. ஒரு விள்ளல்கூட உடைபடாமல் திரும்பி வந்திருந்தது.

"ஒரு டம்ளர் மோராவது குடிச்சிட்டுச் சொல்லு," என்றாள் பெரியம்மா.

"இந்த வீட்ல தண்ணி தொடக்கூடாதுன்னு சொல்லி அனுப்பியிருக்காரு." சுபான் தரையைப் பார்த்தான். "எனக்குத் தங்கச்சியே கிடையாதுன்னு சொல்லச் சொன்னாரு. என்னைத் திட்டாதீங்க தாயே. நான் கொண்டு வர்றவன், அவ்வளவுதான்."

ஜுமரத்தியின் கையிலிருந்த செம்பு சாயவில்லை. குனிந்து அதை நிலைப்படி ஓரம் வைத்தாள். பிறகு துப்பட்டாவை முகம் மறைய இழுத்துவிட்டுக்கொண்டு உள்ளே போனாள்.

எதனால் என்று யாரும் கேட்கவில்லை. போன வாரம் அம்மாவின் ஊர்ப் பஞ்சாயத்தில் நடந்தது மலைக்கு இந்தப் பக்கம், அந்தப் பக்கம் எல்லோருக்கும் தெரியும். பஜ்ரு தன் பெண்டாட்டியை அடித்து விரட்டிவிட்டு, அவளே ஓடிப்போனாள் என்று பஞ்சாயத்தில் சொன்னான். பிறந்த ஊர் என்பதால் முகத்தை மூடாமல் உட்கார்ந்திருந்த ஜுமரத்தி, எழுந்து நின்று, "அன்னிக்கு நான் அந்த வீட்லதான் இருந்தேன். விரட்டுனது எங்க அண்ணன்தான்," என்று சொல்லிவிட்டாள். ஒரே வாக்கியம். அதற்குத்தான் இந்த வெல்லம்.

நாளை அக்கா மைமுனாவுக்கு நிக்காஹ். விடிந்தால் பினங்வானிலிருந்து மாப்பிள்ளை ஊர்வலம் வந்துவிடும்.

வருமா?

*

"எப்படி வரும்?" என்றார் நஸ்ரு பெரியப்பா.

அப்பாவின் அண்ணன். அப்பா சொராப் ஒரு லாரி விபத்தில் இறந்துபோன பிறகு இந்த வீட்டின் நல்லது கெட்டதுக்கு நிற்பவர். ஹூக்காவைத் தள்ளி வைத்துவிட்டு முற்றத்துக் கட்டிலில் உட்கார்ந்திருந்தார்.

"நேத்து மாப்பிள்ளையோட சித்தப்பன் வந்து என்ன சொல்லிட்டுப் போனான்? 'பொண்ணோட அம்மாவைப் பத்தி ஊர்ல ஒரு மாதிரி பேசிக்கிறாங்க. பிறந்த வீடே கைகழுவிடுச்சாமே. சீர் வந்து இறங்கிடுச்சுன்னு சேதி வந்தாத்தான் எங்காளுங்க வண்டி ஏறுவாங்க'ன்னான். மத்தியானத்துக்குள்ள நான் பதில் சொல்லணும். என்னத்தச் சொல்ல?"

ஜுமரத்தி சுவரைப் பார்த்தபடி, முக்காட்டுக்குள் இருந்து பேசினாள். கணவனின் அண்ணனுக்கு அவள் இத்தனை வருஷத்தில் முகம் காட்டியதில்லை, நேராகப் பேசியதுமில்லை.

"அர்சினா, பெரியப்பாகிட்ட கேளு. எங்க ஊர்ல வேற யாராவது, எங்க கோத்திரத்துல ஒருத்தர்..."

வழக்கமாக அர்சினா அதைத் திருப்பிச் சொன்ன பிறகுதான் பெரியப்பா பதில் சொல்வார். இன்றைக்கு அதற்குப் பொறுமை இல்லை.

"உங்கண்ணன் விட்டு வைப்பானா? வீடு வீடாப் போயி சத்தியம் வாங்கியிருக்கான். சீர் தூக்கிட்டு எவனாவது கிளம்பினா அவன் வீட்டோட நல்லது கெட்டது கிடையாதாம். விடும்மா. உண்மை பேசுனியே, உண்மை! நாளைக்குப் பேசியிருந்தா என்ன? பொண்ணை அனுப்பிட்டுப் பேசியிருந்தா உன் உண்மை கெட்டா போயிருக்கும்?"

"அப்படிச் சொல்லாதீங்க," என்றாள் ரசூலி பெரியம்மா. "அந்த அண்ணிக்காரியும் ஒரு பொண்ணுதானே?"

"நீ சும்மா இரு. உன் தம்பி வந்து உன் பிள்ளைங்களுக்குச் செஞ்சிட்டான். நீ பேசுவே."

உள்ளறையில், மஞ்சள் பூசிய முகமும் மருதாணிக் கைகளுமாக மைமுனா உட்கார்ந்திருந்தாள். காதில் எல்லாமே விழுந்துகொண்டிருந்தது. அர்சினா கதவருகே போய் எட்டிப் பார்த்தாள். அக்கா அழவில்லை. இரண்டு உள்ளங்கைகளையும் விரித்து வைத்து, காய்ந்த மருதாணியையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

அப்பா இறந்த வருஷம் ஒரு சம்பந்தம் இப்படித்தான் முறிந்தது. அதுவும் மருதாணி வைத்த பிறகு.

"அர்சினா," என்றாள் மைமுனா. "இதைச் சுரண்டி எடுத்துட முடியுமாடி?"

அப்போதுதான் முற்றத்தில் ஒரு குரல் கேட்டது.

"நான் போடறேன்."

ருஜ்தார். அடுப்படியில் காலையிலிருந்து பெரிய தேக்சா அண்டாக்களுக்கு விறகு தள்ளிக்கொண்டிருந்தவர். அப்பாவோடு ஒரே லாரியில் மாறி மாறி ஓட்டியவர். நாக்பூருக்கு அந்தப் பக்கத்திலிருந்து அப்பாவின் உடலைத் தன் மடியில் வைத்துக் கொண்டுவந்தவர். முகமெல்லாம் கரி.

"என்னத்தப் போடறே?" என்றார் பெரியப்பா.

"துப்பட்டா. சொராப் வீட்டுக்காரி தலையில. எனக்கு கூடப்பிறந்த பொண்ணு கிடையாது. நானே அண்ணனா நிக்கிறேன். மலைக்கு அந்தப் பக்கம் போயி எங்க ஆளுங்களைக் கூட்டிட்டு சாயங்காலம் அஸர் தொழுகைக்குள்ள வந்துடறேன். இதுல யாருக்கு என்ன தடை? நாங்க துலோத் கோத்திரம், அவங்க சிர்க்லோத். இருந்தா என்ன? நாலு பேர் முன்னால துணியப் போட்டுட்டா அவ எங்க வீட்டுப் பொண்ணு. அப்புறம் எங்கப்பன் வீட்டு வாசல் அவளுக்கு எப்பவும் தொறந்திருக்கும். சேதி சொல்லி அனுப்புங்க பினங்வானுக்கு."

பெரியப்பா எழுந்து போய் அந்தக் கரி முகத்தையே கட்டிக்கொண்டார். பெண்கள் ஒரே குரலில் வாழ்த்தினார்கள். பாட்டுக்காரி, நின்ற இடத்திலிருந்தே பாட்டைத் தொடர்ந்தாள்.

உள்ளறையில் மைமுனா முதல் முறையாக விம்மினாள்.

அர்சினா மட்டும் கதவுச் சட்டத்தைப் பிடித்துக்கொண்டாள். ருஜ்தாருக்கு ஒரு மகன் இருந்தான். தாலிம்.

*

மேவாத்தில் மாமன் மகன் என்றால் உடன்பிறந்தவன். முறைமாப்பிள்ளை என்கிற பேச்சே அங்கே கிடையாது. மாமா என்றால் அம்மாவின் அண்ணன் தம்பி மட்டும்தான், மாமனாரை அப்படிக் கூப்பிடுவதில்லை. மௌலவி ஆயிரம் முறை சொல்லட்டும், மார்க்கத்தில் தடையில்லை என்று. மேவ் முஸ்லிம் வீடுகளில் அப்படி ஒரு கல்யாணம் நடந்தால் அந்த வீட்டு வாசலில் ஹூக்கா குடிக்க ஆள் வராது. சீர்த் துணி தலையில் விழுந்த பிறகு, கூடப்பிறந்த அண்ணன், வந்த அண்ணன் என்று பிரித்துப் பார்ப்பதும் கிடையாது.

அறுவடைக் காலத்திலிருந்து அர்சினா ருஜ்தாரைச் சித்தப்பா முறை வைத்துச் சாச்சா என்று கூப்பிடுவதை நிறுத்தியிருந்தாள். அவருக்கே அது விளங்கவில்லை. "என்ன புள்ள, என்மேல கோபமா? உறவே சொல்ல மாட்டேங்கறே!" என்று ஒரு நாள் கேட்டார். அவள் சிரித்து மழுப்பிவிட்டாள். தாலிமின் அப்பாவைக் கூப்பிட அவள் வேறு ஒரு உறவுமுறையை நெஞ்சுக்குள் வைத்திருந்தாள்.

மாட்டுக் கொட்டகைக்குப் பின்னால் போய் போனை எடுத்தாள். தாலிம் கௌஹாத்தியிலிருந்து சரக்கு ஏற்றித் திரும்பிக்கொண்டிருந்தான். மூன்றாவது அழைப்பில் எடுத்தான்.

"என்ன, கல்யாணப் பொண்ணோட தங்கச்சிக்கு நம்ம ஞாபகம் வந்துடுச்சா?" பின்னால் லாரியின் இரைச்சல். "கான்பூர் தாண்டிட்டேன். நாளைக்கு மாப்பிள்ளைக்கு முன்னாடி நான் நிப்பேன். ஒனக்கு வளையல் வாங்கியிருக்கேன், பச்சை. அளவு தெரியாம என் சுண்டு விரலைக் காட்டித்தான் வாங்குனேன். கடைக்காரன் சிரிக்கிறான்!"

"தாலிம், நான் சொல்றதைக் கேளு. உங்கப்பாவுக்கு இப்பவே போன் பண்ணி..."

"யாருடி அது?" ரசூலி பெரியம்மா வைக்கோல் போருக்குப் பக்கத்திலிருந்து வந்தாள். கையில் வரட்டிக் கூடை. கூடையை இறக்கிவிட்டு, அர்சினாவின் கையிலிருந்து போனை வாங்கித் தன் காதில் வைத்துக்கொண்டாள். "யாரு? ருஜ்தார் மகனா? டேய், சேதி தெரியுமா? உங்கப்பா இன்னிக்கு மாமா ஆகிட்டாருடா! ஜுமரத்திக்கு அவர்தான் சீர் கொண்டு வர்றாரு. இனிமே மைமுனாவும் அர்சினாவும் ஒனக்கு அக்கா தங்கச்சி. அவங்களுக்கு ஒரு நல்லது கெட்டதுன்னா நீதான் முன்னால நிக்கணும், புரியுதா? ... ஹலோ? ... என்னடா ஊமையாயிட்டே? ஹலோ?"

போனைத் திருப்பிக் கொடுத்தாள். "சிக்னல் இல்ல போலருக்கு. லாரி இரைச்சல் மட்டும் கேக்குது."

அர்சினா காதில் வைத்துப் பார்த்தாள். இரைச்சல் கேட்டுக்கொண்டே இருந்தது. கொஞ்ச நேரத்தில் அதுவும் குறைந்தது. வண்டியை ஓரங்கட்டியிருக்கிறான். அப்புறம் தொடர்பு அறுந்துபோனது. திரும்ப அழைத்தபோது அணைக்கப்பட்டிருந்தது.

ருஜ்தாரின் போனுக்கு அடித்தாள். அது அடுப்படியில், அவர் மறந்து வைத்துவிட்டுப் போன துண்டுக்கு அடியில், மணி அடித்தது.

இனி ஒரே ஒரு வழி.

அம்மா தானிய அறையில், குதிருக்குப் பக்கத்தில் நின்று புதுச் சேலைகளை மடித்துக்கொண்டிருந்தாள். மைமுனா அங்கேயே தரையில், அம்மாவின் காலில் தலை சாய்த்து உட்கார்ந்திருந்தாள்.

"அம்மா, ஒங்கிட்ட ஒண்ணு சொல்லணும்."

"சொல்லு."

"அவங்ககிட்ட... ருஜ்தார்கிட்ட வாங்காதேம்மா."

மடித்துக்கொண்டிருந்த கை நின்றது. மைமுனா தலையைத் தூக்கினாள். மஞ்சளில் கண்ணீர் வழிந்து இரண்டு கோடு போட்டிருந்தது.

"ஏன்டி?" என்றாள் மைமுனா. அவள் குரலில் கோபம் இல்லை, பயம் மட்டும்தான் இருந்தது. "ஏன் வாங்கக்கூடாது? மாப்பிள்ளை வீட்லேர்ந்து ஏதாவது சேதி வந்துச்சா? மறுபடியும் நின்னுடுச்சா?"

அர்சினா அக்காவைப் பார்த்தாள். பிறகு அம்மாவைப் பார்த்தாள். அம்மா ஒன்றும் கேட்கவில்லை. கேட்காமலே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஒண்ணுமில்லக்கா. அவங்க வீட்டுக்குச் சிரமமேன்னு பார்த்தேன்."

"அட லூசு," என்று மைமுனா அழுகையும் சிரிப்புமாகத் தங்கையின் காலைத் தட்டினாள்.

"மாவு பிசைஞ்சாச்சான்னு போய்ப் பாரு," என்றாள் அம்மா.

*

அஸர் தொழுகை முடிந்தபோது ஹாரன் மறுபடி கேட்டது. இந்த முறை இரண்டு டிராக்டர். நிறைய ஆட்கள். ருஜ்தார் குளித்து, வெள்ளை உடுத்தி, தலைப்பாகை கட்டியிருந்தார். அவருடைய இரண்டு தம்பிகளும் தலையில் தாம்பாளம் தூக்கி வந்தார்கள். எங்கிருந்தோ கடைசி நேரத்தில் வாங்கிய துணிகள். கடை மடிப்பு இன்னும் கலையாதவை.

"ஏன் ருஜ்தார் அண்ணே, முகத்துல கரி போயிடுச்சே! நாங்க ஆள் மாறிடுச்சோன்னு பயந்துட்டோம்!" என்று பாட்டுக்காரி சீண்டினாள்.

"பாட்டுக்குக் குடுக்கறதை வாங்கிட்டு வாயை மூடு. இல்லேன்னா ஒன்னையும் தங்கச்சியா எடுத்துக்குவேன்!"

வாசல் அதிரச் சிரித்தார்கள். காலையிலிருந்து இழுத்துப் பிடித்திருந்த ஏதோ ஒன்று எல்லோரிடமும் அவிழ்ந்தது. நஸ்ரு பெரியப்பாகூடச் சிரித்தார். பினங்வான் ஆள் ஒருவன் ஓரமாக நின்று எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தான்.

ஜுமரத்தியை நிலைப்படியில், மணைப்பலகைமேல் நிறுத்தினார்கள். முக்காடு மார்புவரை தொங்கியது. ருஜ்தார் முன்னால் வந்தார். தாம்பாளத்திலிருந்து சிவப்புத் துப்பட்டாவை எடுத்து உதறினார். வெயிலில் ஜரிகை பளீரென்றது.

அர்சினா ரசூலி பெரியம்மாவின் முதுகுக்குப் பின்னால் நின்றிருந்தாள். ஒரு வார்த்தை போதும். இப்போது கத்தினால்கூடப் போதும்.

பினங்வான் ஆள் போனைக் காதில் வைத்து, "ஆமா ஆமா, வந்துட்டாங்க, நிறைய பேர்," என்று சொல்லிக்கொண்டிருந்தான். உள்ளறை ஜன்னலில் மைமுனாவின் முகம் தெரிந்தது.

அர்சினா வாயைத் திறக்கவில்லை.

துணி விழுவதற்கு முன்பு ஜுமரத்தி ஒரு கணம் பின்னுக்குச் சாய்ந்தாள். எல்லோரும் அதைக் கூச்சம் என்று நினைத்தார்கள். பிறகு தானே ஓரடி முன்னால் வைத்து, தலையைக் குனித்து நீட்டினாள்.

சிவப்புத் துப்பட்டா அவள்மேல் விழுந்தது.

அண்ணனுக்கு முன் முகத்தை மூடுகிறவள் கிடையாது. பெரியப்பா முகத்தைத் திருப்பிக்கொள்ள, ஜுமரத்தி இரண்டு கையாலும் முக்காட்டைத் தூக்கிப் பின்னால் தள்ளினாள். சொராபோடு ஒரே தட்டில் சாப்பிட்டு, இந்த முற்றத்தில் எத்தனையோ முறை படுத்துறங்கிப் போன ருஜ்தார், அந்த வீட்டுக்காரியின் முகத்தை அன்றைக்குத்தான் பார்த்தார்.

"தங்கச்சி," என்றார்.

ஜுமரத்தி அவர் தோளில் விழுந்து அழுதாள். அண்ணன் வந்ததும் தங்கை அழுவது வழக்கம்தான். பெண்களும் கூடவே மூக்கைச் சிந்தினார்கள். ஆனால் பாட்டு முடிந்தும், அடுத்த பாட்டு முடிந்தும் அவள் நிறுத்தவில்லை. அந்த அழுகை வாசலில் நின்ற சில கிழவிகளையே பயமுறுத்தியது. "போதும் ஜுமரத்தி, நல்ல நாள்," என்று அவளைப் பிய்த்தெடுக்க வேண்டியிருந்தது.

சர்பத் குடித்த பிறகு ருஜ்தார் ஒவ்வொருவருக்கும் துணி கொடுத்துக்கொண்டே வந்தார். பெரியப்பாவுக்குத் தலைப்பாகை. பெரியம்மாவுக்குச் சேலை. மைமுனாவின் மடியில் ஒரு முழு ஜோடி உடுப்பு. கடைசியில் அர்சினாவின் தலையில் ஒரு மஞ்சள் துப்பட்டாவை வைத்து, உள்ளங்கையால் அழுத்தினார்.

"இப்ப என்ன சொல்லிக் கூப்பிடுவே? சாச்சாதான் வாய்ல வர்றதில்ல. இனிமே தப்பிக்க முடியாது, தெரியும்ல?" அவர் கண்ணில் இன்னும் ஈரம். "ஒரு தடவை சொல்லு புள்ள. எனக்கு அப்படிக் கூப்பிட யாருமே கிடையாது."

எல்லோரும் சிரித்தபடி அவளையே பார்த்தார்கள்.

"மாமா," என்றாள் அர்சினா.

*

அந்தி கறுத்துக்கொண்டிருந்தது. கடுகு வயல்மேல் மலையின் நிழல் விழுந்துவிட்டது. தாலிமின் போன் இன்னும் அணைந்தே இருந்தது. நாளைக்கு வருவானா, வந்தால் எந்த முகத்தோடு வருவான், இல்லை கான்பூர்ப் பக்கத்தில் எங்காவது சாலை ஓரத்தில் வண்டியை நிறுத்திவிட்டு அப்படியே உட்கார்ந்திருக்கிறானா. அவளுக்கு ஒன்றும் தெரியவில்லை.

எருமைக்குத் தீவனம் வைக்கிற சாக்கில் அர்சினா கொட்டகையிலேயே நின்றாள். முற்றத்தில் விருந்தாளிகள் சாப்பிடுகிற சத்தம். யாரோ ருஜ்தாரைப் பார்த்து, "இன்னொரு கரண்டி போடு, மைமுனாவோட மாமனுக்கு!" என்று கத்தினார்கள். சிரிப்பு எழுந்தது.

அம்மா வந்தாள். தலையில் இன்னும் அந்தச் சிவப்புத் துப்பட்டா. கையில் ஒரு தட்டில் ரொட்டியும் கறியும்.

"காலையிலேர்ந்து சாப்பிடல நீ."

"பசிக்கல."

ஜுமரத்தி தட்டைத் தொட்டி விளிம்பில் வைத்தாள். போகவில்லை. எருமையின் கழுத்தைத் தடவிக்கொண்டே நின்றாள்.

"அம்மா, அந்த வெல்லம் திரும்பி வராம இருந்திருந்தா..." அர்சினா நிறுத்தினாள். இனிச் சொல்வதால் யாருக்கும் ஒரு கெடுதலும் வந்துவிடாது என்று தோன்றியது. ஒரு நல்லதும்தான். "நானும் தாலிமும்..."

"தெரியும்."

"என்ன தெரியும்?"

அம்மா எருமையின் கழுத்திலிருந்து கையை எடுத்தாள்.

"தெரிஞ்சுமா தலையை நீட்டுனே? எப்பலேர்ந்தும்மா தெரியும்?"

ஜுமரத்தி சிவப்புத் துப்பட்டாவின் நுனியை வாயில் அடைத்துக்கொண்டாள். முற்றத்துச் சிரிப்பு அடங்கும்வரை அப்படியே நின்றாள். பிறகு துணியை எடுத்துவிட்டு, சுவரைப் பார்க்காமல், மகளின் முகத்துக்கு நேராகச் சொன்னாள்:

"போன மாசம் அவன் எங்கிட்ட வந்து ஒன்னைக் கேட்டான். மைமுனாவை அனுப்பிட்டு ஒன்னை அவனுக்கே தர்றேன்னு நான் வாக்குக் கொடுத்திருந்தேன்டி."